எட்டு வருஷம் முந்தி வந்தவர்

ஐஸ்லாந்து என்றதும் நமக்கு என்ன ஞாபகம் வரும்? எரிமலை. 2010இல் வெடித்து ஐரோப்பா முழுக்க விமானங்களைத் தரையில் உட்கார வைத்ததே, வாயில் நுழையாத பெயரோடு ஒன்று. விளையாட்டுப் பைத்தியங்களுக்கு 2016 யூரோ கோப்பையில் இங்கிலாந்தைக் கவிழ்த்த கால்பந்து அணி ஞாபகம் வரலாம். கூடைப்பந்து என்று யாரும் சொல்ல மாட்டார்கள். ஆனால் ஐரோப்பாவிலிருந்து அமெரிக்காவின் என்.பி.ஏ.வுக்குப் போன வீரர்களின் வரிசையில் முன்னால் நிற்பவர் ஸ்பெயின்காரரும் இல்லை, யுகோஸ்லாவியரும் இல்லை. ஒரு ஐஸ்லாந்துக்காரர். பெயர் பியேதுர் குத்முந்த்சன்.

முதலில் பெயர். பியேதுர் என்றால் நம் ஊர் பீட்டர்தான். குத்முந்த்சன் என்பது குடும்பப் பெயர் இல்லை, குத்முந்துரின் மகன் என்று அர்த்தம். அங்கே பெரும்பாலும் அப்பா பெயரைத்தான் பின்னால் போடுவார்கள், நம் இனிஷியல் மாதிரி. அதனால் இனி அவரைப் பியேதுர் என்றே கூப்பிடுவோம். ஐஸ்லாந்திலும் எவ்வளவு பெரிய மனிதரையும் அப்படித்தான் கூப்பிடுவார்கள்.

1958 அக்டோபரில் ரெய்க்யவிக்கில் பிறந்தவர். வளர்ந்தார், வளர்ந்தார், ஏழடி இரண்டு அங்குலம் வரை வளர்ந்தார். மீட்டரில் 2.18. கூடைப்பந்து வளையம் பத்தடி உயரத்தில் இருக்கிறது என்பதை நினைத்துப் பாருங்கள், இவர் லேசாக எம்பினாலே கையைத் தூக்கித் தொட்டுவிட்டு வரலாம். இப்படி ஒரு பையன் இருக்கும் செய்தி கடல் கடந்து போகாமல் இருக்குமா? அமெரிக்காவின் வாஷிங்டன் மாநிலத்தில் மெர்சர் ஐலண்ட் என்ற ஊரின் உயர்நிலைப் பள்ளிக்கு வந்து சேர்ந்தார். அங்கிருந்து வாஷிங்டன் பல்கலைக்கழகம், 1977 முதல் 1980 வரை. பிறகு அர்ஜென்டினாவின் ரிவர் பிளேட்டில் கொஞ்ச நாள், ஊர் திரும்பி வலூர் கிளப்பில் ஒரு சீசன். 1981 டிராஃப்டில் போர்ட்லண்ட் டிரெயில் பிளேசர்ஸ் மூன்றாவது சுற்றில், 61ஆவது ஆளாக அவரை எடுத்தது.

61ஆவது என்பது ஒன்றும் பெருமைப்படும் இடம் இல்லை. அந்த இடத்தில் எடுக்கப்படுபவர்களில் பலர் பயிற்சி முகாமோடு வீட்டுக்குப் போய்விடுவார்கள். பியேதுர் தங்கினார். 1981-82 சீசனின் 82 ஆட்டங்களில் 68இல் இறங்கினார். சராசரி மூன்று புள்ளிக்குச் சற்று மேல். அந்த அணியின் நட்சத்திர சென்டர் மைக்கல் தாம்ப்சன். இந்தப் பெயரைக் கொஞ்சம் ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், திரும்ப வருவார்.

ஐரோப்பாவில் பிறந்தவர்கள் அதற்கு முன்பும் என்.பி.ஏ.வில் ஆடியிருக்கிறார்கள். ஆனால் பெரும்பாலும் சின்ன வயதிலேயே பெற்றோரோடு குடியேறியவர்கள், அல்லது தற்செயலாக அங்கே பிறந்த அமெரிக்கர்கள். ஐரோப்பியராகவே வளர்ந்து, தன் நாட்டு அணிக்கு ஆடிவிட்டு உள்ளே போனவர் என்று பார்த்தால் இவரைத்தான் முதலில் சொல்கிறார்கள்.

இந்த 'தன் நாட்டு அணி' என்ற இடத்தில்தான் கதையின் முள் இருக்கிறது.

சர்வதேசக் கூடைப்பந்தை நடத்துவது ஃபீபா (கால்பந்தின் ஃபிஃபா வேறு, குழப்பிக்கொள்ள வேண்டாம்). அந்தக் காலத்தில் அவர்களிடம் ஒரு விதி. என்.பி.ஏ.வில் ஆடியவர் தொழில்முறை ஆட்டக்காரர். அவர் ஒலிம்பிக்கிலோ உலகக் கோப்பையிலோ ஐரோப்பியப் போட்டியிலோ தன் நாட்டுக்காக ஆட முடியாது. கேட்க நியாயமாகத்தான் இருக்கும், அமெச்சூர் ஆட்டத்தின் புனிதம், இத்யாதி. ஆனால் இத்தாலியிலும் ஸ்பெயினிலும் கிளப்புகள் ஆட்டக்காரர்களுக்கு நன்றாகவே சம்பளம் கொடுத்துக்கொண்டிருந்தன. சோவியத் வீரர்களில் பலர் காகிதத்தில் ராணுவத்தினர், வேலை என்னவோ பந்து விளையாடுவது. இவர்கள் எல்லாரும் அமெச்சூர்! மாட்ரிட்டில் வாங்கும் பணம் சுத்தம், போர்ட்லண்டில் வாங்கினால் தீட்டு. விதி என்றால் இப்படி இருக்க வேண்டும்.

பெரிய நாடுகளுக்கு இது பெரிய நஷ்டம் இல்லை. அமெரிக்கா கல்லூரி மாணவர்களை அனுப்பியே தங்கப் பதக்கங்கள் வாங்கிக்கொண்டிருந்தது. சில வீரர்கள் விதியைப் பார்த்து எதிர்ப்பக்கம் முடிவெடுத்தார்கள். பிரேசிலின் ஆஸ்கர் ஷ்மிட்டை 1984இல் நியூ ஜெர்சி நெட்ஸ் தேர்ந்தெடுத்தபோது, நாட்டுக்கு ஆட முடியாமல் போகும் என்று அவர் போகவே இல்லை. 1987இல் அமெரிக்க மண்ணிலேயே பான் அமெரிக்கன் இறுதிப் போட்டியில் 46 புள்ளி போட்டு அமெரிக்காவை 120-115 என்று தோற்கடித்தார். அவருக்கு அந்த முடிவு பலித்தது.

ஆனால் ஐஸ்லாந்து? 1981இல் அந்த நாட்டின் மொத்த ஜனத்தொகையே ஏறக்குறைய 2,30,000. ஏழடி தாண்டிய, கையில் பந்து கொடுத்தால் என்ன செய்வது என்றும் தெரிந்த ஒருவர் அங்கே எத்தனை தலைமுறைக்கு ஒருமுறை வருவார்? வந்தார். அவரை நாட்டு அணியில் சேர்க்கக் கூடாது என்று சட்டம். 23 வயதிலிருந்து 30 வயது வரை, ஒரு சென்டர் ஆட்டக்காரனின் உடம்பு உச்சத்தில் இருக்கும் வருஷங்களில், தேசிய அணியின் கதவு அவருக்கு மூடியிருந்தது. பிரேசிலிடம் ஆஸ்கரைத் தவிரவும் ஆட்கள் இருந்தார்கள். ஐஸ்லாந்திடம் இன்னொரு பியேதுர் இல்லை. எனக்கு இந்த விதியின் மேல் கோபம் வருவது இந்த இடத்தில்தான். எல்லாருக்கும் பொதுவான விதிதான், ஆனால் அடி விழுந்தது இருப்பதிலேயே சின்னப் பையன் முதுகில்.

என்.பி.ஏ. வாழ்க்கையாவது சுகமாகப் போனதா என்றால், அதுவும் இல்லை. போர்ட்லண்டுக்குப் பிறகு இடம் கிடைக்கவில்லை. ஐஸ்லாந்து, பிறகு அமெரிக்காவின் சி.பி.ஏ. என்ற இரண்டாம் நிலை லீக் என்று சில வருஷங்கள் ஓடின. 1986 வசந்த காலத்தில் யாரும் எதிர்பாராத இடத்திலிருந்து அழைப்பு: லாஸ் ஏஞ்சலஸ் லேக்கர்ஸ். மேஜிக் ஜான்சன், கரீம் அப்துல் ஜப்பார், பயிற்சியாளர் பாட் ரைலி, நடப்புச் சாம்பியன். கரீமுக்கு அப்போது 38 வயது, அவ்வப்போது அவரை உட்கார வைக்க ஒரு உயரமான ஆள் தேவை. கரீமும் ஏழடி இரண்டு, பியேதுரும் ஏழடி இரண்டு. எட்டு ஆட்டங்களில் சராசரி 7.3 புள்ளிகள். பிளே ஆஃபிலும் இறங்கினார். மேற்குப் பிரிவு இறுதியில் ஒலாஜுவான், சாம்ப்சன் என்று இரண்டு கோபுரங்களை வைத்திருந்த ஹூஸ்டனிடம் லேக்கர்ஸ் 4-1 என்று தோற்றது.

அடுத்த சீசனில் முதுகு பழுதாகி ஒரு ஆட்டம் கூட ஆடவில்லை. 1987 பிப்ரவரியில் லேக்கர்ஸ் ஒரு பேரம் முடித்தது. பியேதுர், ஃபிராங்க் பிரிக்கோவ்ஸ்கி, கூடவே டிராஃப்ட் உரிமைகளையும் சான் அன்டோனியோ ஸ்பர்ஸுக்குக் கொடுத்து, பதிலுக்கு ஒருவரை வாங்கினார்கள். யாரை? அதே மைக்கல் தாம்ப்சனை. ஐந்து வருஷம் முன்பு போர்ட்லண்டில் யாருக்குப் பின்னால் பெஞ்சில் உட்கார்ந்திருந்தாரோ அவரை. தாம்ப்சன் பஹாமாஸ்காரர், அதாவது அவரும் ஒரு தீவு. தாம்ப்சனோடு லேக்கர்ஸ் அந்த ஜூனிலேயே பாஸ்டனை வென்று சாம்பியன், 1988இலும் சாம்பியன். நான்கு மாதம் தாண்டியிருந்தால் பியேதுருக்கும் ஒரு மோதிரம் கிடைத்திருக்குமோ என்னவோ. ஆனால் அவரைக் கொடுத்துத்தானே தாம்ப்சனை வாங்கினார்கள்.

ஸ்பர்ஸில் 1987-88இல் 69 ஆட்டங்கள். மறு சீசனில் ஐந்தே ஐந்து. மொத்தம் 150 ஆட்டங்களோடு என்.பி.ஏ. கணக்கு முடிந்தது.

இப்போது தேதிகளைக் கவனியுங்கள். 1989 ஏப்ரலில் மியூனிக்கில் ஃபீபா கூடி, 56-13 வாக்குகளில் அந்தப் பழைய விதியைத் தூக்கிப் போட்டது. 1992 பார்சிலோனா ஒலிம்பிக்கில் 'டிரீம் டீம்' வந்ததே, அது இந்த வாக்கெடுப்பினால்தான். அந்தச் சீசனோடு பியேதுர் என்.பி.ஏ.வை விட்டு வெளியே. அடுத்த சீசனில் ஐரோப்பாவிலிருந்து ஒரு கூட்டமே உள்ளே போனது. யுகோஸ்லாவியாவின் திராஜன் பெத்ரோவிச் போர்ட்லண்டுக்கு. விளாதே திவாச் லேக்கர்ஸுக்கு. ஜார்கோ பஸ்பால் ஸ்பர்ஸுக்கு. பியேதுர் ஆடிய மூன்று அணிகளும், மூன்றும், அதே கோடையில் ஐரோப்பியர்களை வரவேற்றன. திவாச் நின்றது கரீம் ஓய்வு பெற்றுக் காலி செய்த இடத்தில். இதை முதலில் கவனித்தபோது மறுபடி மறுபடி சரிபார்த்தேன்.

பியேதுர் ஊருக்குத் திரும்பினார். வட ஐஸ்லாந்தின் சௌதார்குரோகுர் என்ற சின்ன மீன்பிடி ஊரின் டிண்டாஸ்டோல் அணிக்கு 1990-91இல் ஆடினார். நாட்டு அணியிலும் மறுபடி இடம் கிடைத்தது. 1978இல் தொடங்கி 1992இல் முடிந்த தேசிய அணிக் கணக்கில் அவருடைய ஆட்டங்கள் 53. நடுவில் எட்டு வருஷத்துக்கு ஓட்டை. 2001இல், இருபதாம் நூற்றாண்டின் சிறந்த ஐஸ்லாந்துக் கூடைப்பந்து வீரர் என்று அவரைத் தேர்ந்தெடுத்தார்கள்.

அவருக்குப் பின் வந்த யோன் ஆர்னோர் ஸ்டெஃபான்சனின் கதை அப்படியே தலைகீழ். 2003இல் டாலஸ் மாவெரிக்ஸ் ஒப்பந்தம் போட்டது, ஆனால் ஒரு சீசன் ஆட்டத்தில் கூட இறங்கவில்லை. கவலைப்படாமல் ஐரோப்பாவுக்கு வந்து ரஷ்யா, இத்தாலி, ஸ்பெயின் என்று சம்பாதித்து ஆடினார். நாடு கூப்பிட்டபோதெல்லாம் போனார். தடுக்க விதி இல்லை. 2015இல் ஐஸ்லாந்து முதல் முறையாக ஐரோப்பியச் சாம்பியன்ஷிப்புக்குள் நுழைந்தது. பெர்லினில் ஜெர்மனி, ஸ்பெயின், இத்தாலி, செர்பியா, துருக்கி இருந்த கொலைக் குழுவில் போட்டார்கள். ஐந்திலும் தோல்விதான். ஆனால் ஜெர்மனியிடம் தோற்றது 71-65 என்று, ஆறே புள்ளியில். எதிரணியில் டிர்க் நோவிட்ஸ்கி, டாலஸில் யோன் ஆர்னோரோடு ஒரே உடைமாற்றும் அறையில் இருந்தவர். துருக்கியைக் கூடுதல் நேரம் வரை இழுத்தார்கள், 111-102.

யோன் ஆர்னோர் 2019 பிப்ரவரியில் போர்ச்சுகலுக்கு எதிராகத் தேசிய அணியிலிருந்து விடைபெற்றார். அது அவருக்கு 100ஆவது ஆட்டம். என்.பி.ஏ. சீசனில் களம் இறங்கிய ஒரே ஐஸ்லாந்துக்காரர் 2025 முடியும் வரையிலும் பியேதுர்தான்.