கஞ்சித் தொட்டியும் கால்வாயும்

கம்பம் பள்ளத்தாக்கிலே, அனுமந்தன்பட்டி வயல்களின் பசுமையைக் காண்போர், ‘இயற்கையின் கொடை’ என்று வியப்பர். இயற்கை பெரியாற்றை மேற்கே அன்றோ அனுப்பிற்று! அதைத் தேக்கி, மலையைக் குடைந்து, கிழக்கே திருப்பியது மனிதன் கை. அந்தக் கையை அசைத்தது எது? பஞ்சம்!

1876 முதல் 1878 வரை, தாது ஆண்டுப் பஞ்சம் சென்னை மாகாணத்தைச் சூறையாடிற்று. இலட்சக்கணக்கானோர் மாண்டனர். வைசிராய் லிட்டன் அனுப்பிய ரிச்சர்டு டெம்பிள், 1877இல், நிவாரண வேலை செய்வோரின் நாட்கூலியை ஏறத்தாழ ஓர் இராத்தல் தானிய அளவுக்குக் குறைத்தார். உழைக்கும் உடலுக்கு அது போதாதென்று வாதாடினார் மாகாணச் சுகாதார அதிகாரி கார்னிஷ். கூலியைப் பின்னர் உயர்த்த நேர்ந்தது, மாண்டோர் மீளவில்லை.

நெடுங்காலம் ஏட்டிலே உறங்கிய பெரியாற்றுத் திட்டம், பஞ்சத்துக்குப் பிறகே எழுந்தது. 1886இல் திருவிதாங்கூரிடம் 8000 ஏக்கர், 999 ஆண்டுக் குத்தகை. 1895இல், பென்னிகுக் கட்டிய அணை திறக்கப்பட்டது. இன்று இப்பள்ளத்தாக்கில் 14,707 ஏக்கர் இருபோக நிலம் அந்நீரால் விளைகிறது. கஞ்சித் தொட்டி ஒரு வேளைப் பசியை ஆற்றிற்று. கால்வாயோ தலைமுறைகளுக்குச் சோறிட்டது.

எல்லோருக்குமா? அதுதான் நாம் கேட்க வேண்டிய கேள்வி. பெரியாற்று நீர் மேலூர் வரை சென்றது; மேற்கே உசிலம்பட்டிச் சீமையின் மேட்டுநிலமோ வானத்தையே நம்பிக் கிடந்தது. வாய்க்கால் எட்டாத அங்கே, காவல்துறை எட்டிற்று! பிறமலைக் கள்ளர் மீது குற்றப் பரம்பரைச் சட்டம் பாய்ந்தது. பிறந்த குடியே குற்றமாயிற்று. கைரேகை வைக்க வேண்டும், இரவிலே காவலர் கண்ணெதிரே இருக்க வேண்டும். மறுத்தெழுந்த பெருங்காமநல்லூரில், 1920 ஏப்ரல் 3 அன்று, துப்பாக்கி பேசிற்று; ஒரு பெண் உட்படப் பலர் மாண்டனர். அதன் பின்னரே சீரமைப்பு என்ற பெயரில் பள்ளிகள் பெருகின. சட்டமோ 1947 வரை நீடித்தது.

வறண்ட நிலத்திலே வறுமை, வறுமையிலே பூசல், பூசலை அடக்க அடக்குமுறை, அதனால் மேலும் வறுமை! ஆப்பிரிக்காவிலும் ஆசியாவிலும் ஏழை நாடுகள் பல சுழல்வது இந்தச் செக்கிலேதான். அங்கு இறங்கும் உதவி மூட்டைகளின் எண்ணிக்கையை மட்டும் பார்த்து மகிழ்ந்து பயனில்லை. மடையைத் திறக்கும் அதிகாரம் யாரிடம்? கடைமடை யாருடையது? அளித்தவர் பெயரைக் கல்வெட்டுச் சொல்லும். அடையாதவர் பெயரை நாம்தான் கேட்டாக வேண்டும்!