சூரியப் பெட்டியடுப்பு

வெயிலை மூடிய பெட்டிக்குள் பிடித்து, அந்தச் சூட்டில் உணவை வேகவைக்கும் கருவி. சூரிய அடுப்புகளில் வீட்டில் செய்துகொள்ள எளியது இதுவே. வெயிலைக் குவிக்கும் கிண்ண வடிவ அடுப்பு வேகமானது. ஆனால் அதன் வளைவைப் பிசகாமல் அமைப்பது கடினம்.

1767இல் ஜெனீவாவைச் சேர்ந்த ஒராஸ்-பெனடிக்ட் தெ சொசூர் சூடு கசியாதபடி பொதிந்த பெட்டிக்குக் கண்ணாடி மூடியிட்டு வெயிலில் வைத்தார். உள்ளே 100 டிகிரி செல்சியஸையும் தாண்டியது. 1830களில் நன்னம்பிக்கை முனையில் வானத்தை ஆராய்ந்துகொண்டிருந்த ஜான் ஹெர்ஷல் இத்தகைய பெட்டியில் முட்டையும் இறைச்சியும் வேகவைத்துப் பார்த்தார். அட்டைப்பெட்டி அடுப்பு பரவியதற்கு 1970களில் அமெரிக்காவின் அரிசோனாவில் அதை வடிவமைத்த பார்பரா கெர், ஷெரி கோல் ஆகியோரே முக்கியக் காரணம்.

கண்ணாடி வழியே புகும் ஒளியைக் கறுப்புப் பரப்பு உறிஞ்சிச் சூடாகிறது. அது திருப்பி விடும் வெப்பக்கதிரைக் கண்ணாடி எளிதில் வெளியே விடாது. வெயில் எப்படியும் வந்து சேரும். பெட்டி செய்பவர் கவலைப்பட வேண்டியது கசிவைப் பற்றித்தான்.

இரண்டு அட்டைப்பெட்டிகளை, சுற்றிலும் கீழும் சுமார் 5 செ.மீ. இடைவெளி இருக்குமாறு, ஒன்றுக்குள் ஒன்றாக வைத்து, இடைவெளியில் கசக்கிய செய்தித்தாளோ வைக்கோலோ அடைக்க வேண்டும். உட்சுவர்களில் அலுமினியத் தாள் ஒட்டி, அடியில் கறுப்புத் தகடு போட்டு, மேலே கண்ணாடியைப் பொருத்தலாம். அலுமினியத் தாள் ஒட்டிய அட்டையொன்றை ஒரு குச்சியால் சாய்த்து நிறுத்தினால் அதுவே பிரதிபலிப்பான். வர்ணமும் பசையும் முதலில் நாறும்; சமைக்குமுன் வெறும் பெட்டியை ஓரிரு நாள் வெயிலில் காயவைப்பது நல்லது. சமைக்கும்போது மூடியின் ஓரத்தில் ஆவி எட்டிப் பார்த்தால் அங்கே இடுக்கு இருக்கிறது என்று பொருள்.

நல்ல வெயிலில் உள்ளே 90 முதல் 150 டிகிரி வரை சூடேறும். வெளிப்புறம் கறுத்த, மெல்லிய, மூடியுள்ள பாத்திரமே ஏற்றது. எவர்சில்வரின் பளபளப்பு இங்கே குறைதான். சோறு வேக ஒன்றரை முதல் இரண்டு மணி நேரம் ஆகலாம். நீர் அதிகம் ஆவியாகாததால் வழக்கத்தைவிடக் குறைவாக ஊற்றினால் போதும். கிளறவும் வேண்டாம், அடிப்பிடிக்காது. தாளிப்புக்கும் தோசைக்கும் இந்தச் சூடு போதாது. மேகம் மூடினால் வேகும் நேரம் நீளும், நெடுநேரம் மூடியிருந்தால் அரைவேக்காட்டை வீட்டு அடுப்புக்கு மாற்ற வேண்டியதுதான்.