கையெழுத்து யாருடையது? வேலைநீக்க வழக்குகளின் ஒரு பழைய கதை

"அரசாங்க வேலைன்னா யாரும் அசைக்க முடியாது" என்று நம்ம ஊரில் ஒரு நம்பிக்கை உண்டு. அந்த நம்பிக்கைக்கு அப்படியொன்றும் வயதாகிவிடவில்லை. 1937ஆம் வருட ஏ.ஐ.ஆர். தொகுதியைப் புரட்டினால், பிரிவி கவுன்சில் பகுதியில் 27ஆம் பக்கம் ஒரு தீர்ப்பு, 31ஆம் பக்கம் இன்னொன்று. இரண்டுமே சென்னை மாகாணத்திலிருந்து லண்டன் வரை போன வேலைநீக்க வழக்குகள். ஒருவர் ஜெயித்தார், ஒருவர் தோற்றார். ஏன் என்பதுதான் சுவாரஸ்யம்.

அப்போதைய அடிப்படை விதி இது: மன்னருக்கு விருப்பம் உள்ளவரைதான் வேலை. 1919ஆம் வருட இந்திய அரசுச் சட்டம் (பிரிவு 96பி) இதில் ஒரு சின்னக் கடிவாளம் போட்டது. உங்களை நியமித்த அதிகாரிக்குக் கீழே உள்ளவர் உங்களை டிஸ்மிஸ் செய்யக் கூடாது. இது சட்டத்திலேயே இருந்தது. குற்றச்சாட்டைச் சொல்ல வேண்டும், விசாரிக்க வேண்டும் என்பதெல்லாம் அதன் கீழ் போட்ட விதிகளில் இருந்தது.

வெங்கட ராவ் சென்னை அரசு அச்சகத்தில் ரீடர். பரீட்சைக் கேள்வித்தாள் வெளியான விவகாரத்தில் வேலை போனது. விதிப்படி விசாரணை நடக்கவில்லை என்று வழக்குப் போட்டார். பிரிவி கவுன்சில் என்ன சொன்னது? விதிகள் அரசு தந்த வாக்குறுதிதான். ஆனால் மீறப்பட்டால் மேலதிகாரியிடம் முறையிடலாம், கோர்ட்டுக்கு வர முடியாது. கதை முடிந்தது.

ரங்காச்சாரி போலீஸ் சப்-இன்ஸ்பெக்டர். அவரை நீக்கியவர், நியமித்தவரைவிடப் பதவியில் குறைந்தவர். அந்த உத்தரவு செல்லாது என்றது அதே பிரிவி கவுன்சில்.

யோசிச்சுப் பாருங்க. "என்னை நியாயமா விசாரிக்கல" என்றவர் தோற்றார். "கையெழுத்துப் போட்டவர் தப்பான ஆள்" என்றவர் ஜெயித்தார்.

1935ஆம் வருடச் சட்டத்தில் இது கொஞ்சம் மாறியது. விளக்கம் சொல்ல நியாயமான வாய்ப்புத் தர வேண்டும் என்பது 240ஆம் பிரிவில் ஏறியது. 1940இல் நீக்கப்பட்ட ஐ.சி.எஸ். அதிகாரி ஐ.எம்.லால் அதை வைத்துத்தான் 1948இல் பிரிவி கவுன்சிலில் ஜெயித்தார். ஆனால் சம்பள பாக்கி கிடைக்கவில்லை! பாக்கியையும் வழக்குப் போட்டு வாங்கலாம் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது 1954இல், பீகாரின் அப்துல் மஜீத் வழக்கில்.

1950இல் இந்த இரண்டு பாதுகாப்பும் அரசியல் சாசனத்தின் 311ஆவது பிரிவாகிவிட்டன. கூடவே விதிவிலக்குகளும் வந்தன: கிரிமினல் தண்டனை பெற்றவர், விசாரணை நடத்துவது சாத்தியமில்லாத சூழல், நாட்டின் பாதுகாப்பு. 1985இல் துளசிராம் படேல் வழக்கில், விசாரணையே இல்லாமல் நீக்க வழிவிடும் இந்த விதிவிலக்குகளை உச்ச நீதிமன்றம் 4-1 என்ற கணக்கில் ஏற்றுக்கொண்டது.

சரி, இதெல்லாம் நமக்கு எதற்கு? 2003 ஜூலையை நினைத்துப் பாருங்கள். ஓய்வூதியம் உள்ளிட்ட சலுகைகள் குறைக்கப்பட்டதை எதிர்த்துத் தமிழக அரசு ஊழியர்களும் ஆசிரியர்களும் வேலைநிறுத்தம் செய்தார்கள். சுமார் 1.7 லட்சம் பேர் டிஸ்மிஸ். தனித்தனி விசாரணை கிடையாது, ஓர் அவசரச் சட்டம் போதுமானதாக இருந்தது. முதலில் நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குப் போங்கள் என்றது உயர் நீதிமன்ற அமர்வு. இவ்வளவு அசாதாரணமான நிலையில் உயர் நீதிமன்றமே விசாரித்திருக்கலாம் என்றது உச்ச நீதிமன்றம். ஆனால் அதே ஆகஸ்ட் 6 தீர்ப்பில், அரசு ஊழியருக்கு வேலைநிறுத்தம் செய்ய உரிமையே இல்லை என்றும் சொல்லிவிட்டது. நிபந்தனையற்ற மன்னிப்பும் உறுதிமொழியும் எழுதிக் கொடுத்தால் பெரும்பாலானவர்களைத் திரும்ப எடுத்துக்கொள்ள அரசு ஒப்புக்கொண்டது.

ரங்காச்சாரியைக் காப்பாற்றியது அதிகாரி போட்ட கையெழுத்து. 2003இல் கையெழுத்துப் போட வேண்டியிருந்தது ஊழியர்கள். வெங்கட ராவ் கேட்டது அன்றும் சரி, இன்றும் சரி, ஒரே விஷயம்தான்: "நான் சொல்றதையும் கேளுங்க." அது சட்டப் புத்தகத்தில் ஏறிவிட்டது. ஆனால் விதிவிலக்குகளும் கூடவே ஏறியிருக்கின்றன என்பதை மறந்துவிட வேண்டாம்.