எட்டணா வரி பிறந்த கதை

1937 அக்டோபர் 1. சேலம் ஜில்லாவில் அன்று கள்ளுக்கடைகள் திறக்கவில்லை, சாராயக்கடைகளும்தான். சென்னை மாகாணத்தில் காங்கிரஸ் மந்திரிசபை பதவியேற்று மூன்று மாதம்கூட ஆகவில்லை. முதலில் ஒரு ஜில்லாவில் செய்து பார்ப்போம் என்று பிரதமர் ராஜாஜி தேர்ந்தெடுத்தது தன் சொந்த ஜில்லாவையே. (மாகாண முதல்வரை அப்போது பிரதமர் என்றுதான் சொல்வார்கள்.) ஓசூர் பக்கத்துத் தொரப்பள்ளியில் பிறந்தவர். 1900 முதல் சேலம் கோர்ட்டில் வக்கீல். கட்சிக்காரர் கூட்டத்துக்கும் வருமானத்துக்கும் குறைவில்லை. 1917இல் சேலம் நகரசபைத் தலைவர். பிறகு காந்தி வந்தார், தொழில் போனது, சிறை வந்தது. 1925இல் திருச்செங்கோட்டுக்குப் பக்கத்தில் புதுப்பாளையத்தில் ஆசிரமம் போட்டு உட்கார்ந்தார். அங்கிருந்து மதுவிலக்குக்காகவே 'விமோசனம்' என்று ஒரு பத்திரிகை. அதற்குக் கைகொடுத்தவர் எழுத்தாளர் கல்கி. கள்ளுக்கடை அந்த ஜில்லாக் குடியானவனை என்ன செய்தது என்பதைப் பக்கத்தில் இருந்து பார்த்தவர் ராஜாஜி.

கடையை மூடுவது எளிது. கஜானாவை என்ன செய்வது?

கள்ளில் சர்க்கார் இரண்டு இடத்தில் காசு பார்த்தது. மரம் கட்டுகிறவன் மரவரி கட்டவேண்டும். கடை நடத்துகிறவன் வருஷா வருஷம் ஏலத்தில் எடுக்கவேண்டும். சாராயத்துக்குத் தனித் தீர்வை. அப்காரி இலாகா என்ற பெயரில் இதெல்லாம் சேர்ந்து மாகாண வருமானத்தில் கிட்டத்தட்ட கால் பங்கு வந்தது. பள்ளிக்கூட வாத்தியார் சம்பளத்திலும் கள்ளுப்பானைக் காசு இருந்தது. சேலத்தை அடுத்து சித்தூரும் கடப்பையும் மதுவிலக்குக்குள் வந்தன, பிறகு வடஆற்காடு. ஜில்லா கூடக் கூடப் பள்ளமும் ஆழமாயிற்று.

நிதி இலாகாவும் ராஜாஜியிடமே இருந்தது. வருமான வரி, சுங்கம் இரண்டும் டில்லியின் கையில். நிலவரியை ஏற்றலாம் என்றால், 1938இல் விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம் கொண்டுவந்த அதே கையால் அதை எப்படிச் செய்வது? வக்கீல் சட்டப்புத்தகத்தைத்தான் புரட்டுவார். 1935ஆம் வருஷத்து இந்திய அரசுச் சட்டத்தில், மாகாணங்கள் எதன்மீது வரி போடலாம் என்ற பட்டியலில் 48ஆவது இனம்: சரக்கு விற்பனை மீதும் விளம்பரங்கள் மீதும் வரி. முன்னதை இன்ன சரக்கு என்றில்லாமல் பொதுவாகப் போட்டுப் பார்த்த மாகாணம் அதுவரை இல்லை. மத்திய மாகாணம் மட்டும் 1938இல் பெட்ரோல் விற்பனைக்கு வரி போட்டது. அது கலால் வரி, எங்கள் அதிகாரம் என்று டில்லி வழக்காட, சமஷ்டி நீதிமன்றம் மாகாணத்தின் பக்கம் தீர்ப்பளித்தது. கதவு திறந்தாயிற்று.

1939இல் சென்னையில் வரிகள் வரிசை கட்டி வந்தன. பெட்ரோலுக்கு ஒன்று, புகையிலைக்கு ஒன்று, சினிமாக் கொட்டகை டிக்கெட்டுக்கு ஒன்று. அவற்றோடு வந்தது பொது விற்பனை வரிச் சட்டம். படித்துப் பார்த்தால் வரைவின் சிக்கனம் ஆச்சரியப்படுத்துகிறது. வருஷத்துக்குப் பத்தாயிரம் ரூபாய்க்குக் கீழே விற்றால் வரி கிடையாது. பத்திலிருந்து இருபதாயிரம் வரை மாதம் ஐந்து ரூபாய், அவ்வளவுதான். அதற்கு மேலே போனால் விற்ற தொகையில் அரை சதவீதம்: நூறு ரூபாய்க்கு எட்டணா. கைத்தறித் துணி மட்டுமே விற்கிறவருக்கு, லைசென்ஸ் எடுத்துக்கொண்டால், விலக்கு. சேலத்துக்காரர் எழுதவைத்த சட்டம் என்பதற்கு வேறு முத்திரை வேண்டாம்.

எட்டணா கேட்கச் சின்னத் தொகைதான். ஆனால் சரக்கு கைமாறும் ஒவ்வொரு இடத்திலும் எட்டணா. மிளகாய் மூட்டை மண்டிக்காரரிடமிருந்து மொத்த வியாபாரிக்கு, அவரிடமிருந்து டவுன் கடைக்கு, அங்கிருந்து சில்லறைக் கடைக்குப் போனால், போகிற வழியெல்லாம் சுங்கச்சாவடி. தலைக்குத் தலை கொஞ்சம் எடுப்பதால் ஒருவருக்கும் வலி தெரியாது என்பது கணக்கு. வியாபாரிகளுக்கோ வலி வேறு இடத்தில் இருந்தது. சிட்டாவும் பேரேடும் அதுவரை முதலாளியும் கணக்கப்பிள்ளையும் மட்டும் பார்க்கிற விஷயம். இனி சர்க்கார் ஆள் வந்து புரட்டுவான். எதிர்ப்பு பலமாகவே இருந்தது. வீட்டுக்கு ஒரு கணக்கு, ஆபீசுக்கு ஒரு கணக்கு என்ற கலையும், "பில் போடணுமா சார், வேண்டாமா?" என்று கல்லாவிலிருந்து தலை தூக்காமல் கேட்கிற அந்த அழகும் இந்த வரி போட்ட குட்டிகள் என்றே நினைக்கிறேன்.

சட்டம் சீக்கிரமே கோர்ட் ஏறியது. கடலை எண்ணெயும் புண்ணாக்கும் தயாரித்து விற்ற போட்டு பைடண்ணா நிறுவனம், தயாரித்தவனே விற்கும்போது விழுகிற வரி கலால்தானே, அது மத்திய சர்க்காருக்கு உரியதாயிற்றே என்று கேட்டது. செய்ததற்கு வரி இல்லை, விற்றதற்குத்தான் வரி என்று 1942இல் சமஷ்டி நீதிமன்றம் சொல்லிவிட்டது. 1958இல் கேனன் டங்கர்லி வழக்கில் சர்க்கார் தோற்றது: வீடு கட்டிக்கொடுக்கிற ஒப்பந்தத்தில் செங்கல்லும் சிமென்டும் 'விற்கப்பட்டதாக' எண்ணி வரி கேட்கக் கூடாது என்றது உச்ச நீதிமன்றம். அந்தத் தீர்ப்பைத் தாண்டுவதற்காக 1982இல் அரசியல் சட்டத்தையே, 46ஆவது தடவையாக, திருத்தவேண்டி வந்தது. எட்டணா வரிக்கு இவ்வளவு ஆயுள் இருக்கும் என்று 1939இல் யார் நினைத்திருப்பார்?

வரி மக்களுக்குப் பழகுவதற்குள், 1939 அக்டோபரில், யுத்தத்தை ஒட்டி மந்திரிசபை ராஜினாமா செய்தது. போர்க்காலத்தில் ஆளுநர் ஆட்சி மதுவிலக்கை நிறுத்திவைத்தது. கள் திரும்ப வந்தது. கள்ளுக்குப் பதிலாக வந்த வரி திரும்பிப் போகவில்லை. 1941இல் வங்காளமும் பஞ்சாபும் விற்பனை வரி போட்டன. 1944இல் பீகார், 1946இல் பம்பாய். பள்ளத்தை நிரப்பப் போட்ட மண் வருமானத்தின் தரையாகவே ஆகிவிட்டது.

1948இல் மாகாணம் முழுவதற்கும் மதுவிலக்கு வந்தது. 1971இல் அதைத் தளர்த்தப் போகிறார்கள் என்றறிந்து, 92 வயது ராஜாஜி கொட்டுகிற மழையில் முதல்வர் கருணாநிதியின் வீட்டுக்கே போய், வேண்டாம் என்று கேட்டார். பலிக்கவில்லை. அடுத்த வருஷம் டிசம்பரில் காலமானார்.

விற்பனை வரி அவருக்குப் பிறகும் சட்டை மாற்றி மாற்றி நடந்தது. 2007இல் தமிழ்நாட்டில் வாட் ஆனது. 2017 ஜூலையில் ஜி.எஸ்.டி. வந்து புளி, சோப்பு, சினிமா டிக்கெட் எல்லாவற்றையும் அள்ளிக்கொண்டபோது, பழைய மாநில வரி விழுகிற சரக்குகள் ஒரு கைப்பிடிதான் மிஞ்சின. பெட்ரோல், டீசல். அப்புறம் டாஸ்மாக் கடையில் விற்கிற பாட்டில்.