அரசு ஆணையை மீறும்போது: சன்யால் குழுவின் கணிப்பும் காவிரி அவமதிப்பு மனுவும்

அரசு அதிகாரிகள் மீதான அவமதிப்பு வழக்குகளைப் பற்றி எழுதுவோர் பலரும், அவமதிப்புச் சட்டத்தை ஆராய்ந்த சன்யால் குழுவின் 1963ஆம் ஆண்டு அறிக்கையிலேயே காலூன்றுகிறார்கள். ஆணையை மீறுவதாகிய உரிமையியல் அவமதிப்பு பெயரளவில்தான் நீதிமன்றத்தை அவமதிப்பது. உள்ளபடி அது எதிர்த்தரப்புக்கு இழைத்த தனிப்பட்ட தீங்கு என்பது குழுவின் கணிப்பு. இரண்டு பங்காளிகளின் வரப்புத் தகராறில் இது பொருந்தலாம். மீறுவது அரசாக இருக்கும்போது பொருந்தாது. தீங்கு தனிப்பட்டது என்றால், தாமதமாகவேனும் கேட்டதைக் கொடுத்துவிட்ட அரசு கணக்குத் தீர்த்ததாகிவிடும். குழு இதை எண்ணிப் பார்த்ததாக எனக்குத் தோன்றவில்லை.

குழு அமைவதற்கு முந்தைய ஆண்டிலேயே வேறொரு பாதை திறந்திருந்தது. 1950ஆம் ஆண்டின் நிலச்சீர்திருத்தச் சட்டத்தை எதிர்த்து ராணி சோனாபதி குமாரி தொடுத்த வழக்கில் பீகார் அரசுக்கு இடைக்காலத் தடை விதிக்கப்பட்டது. தடை இருக்கும்போதே, 1952இல், அவருடைய ஜமீனை எடுத்துக்கொள்ளும் அறிவிக்கையை அரசு வெளியிட்டது. கீழ் நீதிமன்றம் 5,000 ரூபாய் அளவுக்கு அரசின் சொத்தையே ஜப்தி செய்ய ஆணையிட்டது. தடையாணையை நல்லெண்ணத்தோடு வேறு விதமாகப் புரிந்துகொண்டோம் என்ற அரசின் வாதத்தை 1960இல் உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. தீர்ப்பை எழுதியவர் சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து சென்ற என்.ராஜகோபால அய்யங்கார். அங்கே பொறுப்பேற்றது அரசின் உடைமை. 1971ஆம் ஆண்டின் அவமதிப்புச் சட்டப்படியோ கூண்டில் நிற்பவர் அதிகாரி. உச்சத் தண்டனை ஆறு மாதச் சிறை, 2,000 ரூபாய் அபராதம்.

இந்த வேறுபாடு 2018இல் காவிரிக்கு வந்தது.   கர்நாடகம் தமிழகத்துக்குப் பிலிகுண்டுலுவில் தர வேண்டிய நீர் 177.25 டி.எம்.சி. என்று வரையறுத்த உச்ச நீதிமன்றத்தின் பிப்ரவரி 16ஆம் தேதித் தீர்ப்பு, அதைச் செயல்படுத்தும் திட்டத்தை வகுக்க மத்திய அரசுக்கு ஆறு வாரம் கொடுத்தது. கெடு என்று முடிந்தது? தீர்ப்பு நாளைச் சேர்த்தால் மார்ச் 29, விட்டால் மார்ச் 30. இரண்டில் எது சரி என்று நான் அறுதியிடப் போவதில்லை. எப்படி எண்ணினாலும் மார்ச் 31 கெடுவுக்குப் பிந்தியதே. அன்றுதான் தமிழக அரசு அவமதிப்பு மனு போட்டது. அதே நாளில் மத்திய அரசும், தீர்ப்பில் சொன்ன திட்டம் எப்படி அமைய வேண்டும் என்று விளக்கம் கேட்டு, மூன்று மாத அவகாசமும் கோரியது. ஐயம் உண்மையானது என்றால் ஆறு வாரத்துக்குள் எழுந்திருக்க வேண்டும். கெடு முடிந்தபின் எழுந்த ஐயத்தை நல்லெண்ணம் என்று கொள்ள சோனாபதி தீர்ப்பு இடம் தராது என்பதே என் வாசிப்பு.

மத்திய அமைச்சரவைச் செயலாளர் பி.கே.சின்கா எதிர்மனுதாரராக நின்றார். கர்நாடகத் தேர்தல் வாக்குப்பதிவு மே 12இல் முடிய, மே 14இல் வரைவுத் திட்டம் நீதிமன்றத்துக்கு வந்தது. மே 18இல் ஒப்புதல், ஜூன் 1இல் அரசிதழ் அறிவிக்கை. யாருக்கும் தண்டனையில்லாமல் மனு முடிக்கப்பட்டது. தனிப்பட்ட தீங்கு, பரிகாரம் கிடைத்துவிட்டது என்னும் சன்யால் கணக்கு அப்படியே நடந்தேறியது.

தாமதத்தால் யாருக்கு என்ன இழப்பு என்று கேட்கலாம். சான்று மெலிந்த இடம் இதுதான். அந்த ஆண்டுத் தென்மேற்குப் பருவமழை கொட்டித் தீர்த்தது. ஜூலை 19இல் மேட்டூர் திறந்தது, அணையும் நிரம்பியது. ஆனால் மழை பெய்ததை அரசின் கீழ்ப்படிதலாக வரவு வைக்க முடியாது. ஜூன் 12 மேட்டூர் திறப்பை நம்பி நாற்றங்காலுக்குத் திட்டமிடும் டெல்டா விவசாயி மார்ச், ஏப்ரலில் கேட்டது மழையை அல்ல, கெடு தவறாத ஓர் அரசை. அவர் அந்த மனுவில் கட்சிக்காரரே இல்லை. சன்யால் குழுவின் கணிப்பில் அவருக்கு இழைத்த தீங்கை எழுதிக்கொள்ள ஒரு பத்தியும் கிடையாது.