பிரசங்க பீடமும் சட்டமன்ற இருக்கையும்

பள்ளியும் வங்கியும் செய்தித்தாளும் தமக்கென இல்லாத ஒரு சமுதாயம், முதன்முதலில் தன் கைப்பொருளைக் கொண்டு எழுப்புகின்ற அமைப்பு பெரும்பாலும் அதன் வழிபாட்டு இடமாகவே இருக்கின்றது. அங்கேதான் அம்மக்கள் கூடுகின்றனர். கணக்கு எழுதப் பழகுகின்றனர். தலைவரைத் தேர்ந்தெடுக்கவும், வேண்டாதவரை விலக்கவும் கற்றுக்கொள்கின்றனர். ஆகவே, ஒடுக்கப்பட்டோர் வரலாற்றில் வழிபாட்டு மன்றத்திலிருந்து சட்டமன்றத்திற்குச் சென்றவர் பலர் இருப்பதில் வியப்பில்லை. அத்தகைய ஒருவரின் வரலாற்றை, கல்விக்கென்றே உழைத்துவரும் நம் கழகத்தின் வெள்ளி விழா மலரில் எண்ணிப் பார்ப்பது பொருத்தமாகும். அவர் அமெரிக்க நாட்டின் சிகாகோ நகரைச் சேர்ந்த பாப்டிஸ்ட் போதகர் ஜேம்ஸ் மீக்ஸ்.

அமெரிக்கக் கறுப்பின மக்களின் வரலாறு நமக்கு அயலானதன்று. 1873-ஆம் ஆண்டில் மகாத்மா புலே தம் 'குலாம்கிரி' நூலை, அடிமைமுறையை ஒழிக்கப் பாடுபட்ட அமெரிக்க மக்களுக்குக் காணிக்கையாக்கினார். 1946-ஆம் ஆண்டில் அண்ணல் அம்பேத்கர், கறுப்பினப் பேரறிஞர் டு பாய்சுக்குக் கடிதம் எழுதி, கறுப்பின மக்கள் ஐக்கிய நாடுகள் அவைக்கு அளித்த விண்ணப்பத்தின் படியைக் கேட்டார். அவர்கள் பெற்றதையும் இழந்ததையும் நம் முன்னோர் கூர்ந்து நோக்கினர். நாமும் அவ்வாறே நோக்குவோம்.

போதகர் எவ்வாறு தலைவரானார்?

பாப்டிஸ்ட் திருச்சபைகளுக்கு மேலிருந்து ஆணையிடும் பேராயர் இல்லை. ஒவ்வொரு சபையும் தன் போதகரைத் தானே தேர்ந்துகொள்கின்றது. அவருக்குரிய ஊதியத்தையும் தானே வழங்குகின்றது. விசுவாசத்தை அறிந்து அறிக்கையிட்டவருக்கே முழுக்கு ஞானஸ்நானம் என்பது அவர்களுடைய கோட்பாடு. அடிமைத்தளையிலிருந்து விடுபட்ட மக்களுக்கு இந்த அமைப்புமுறை பெருந்துணையாயிற்று. வயலில் உழைத்தவரும் வீட்டுவேலை செய்தவரும் வெள்ளையரிடம் கூலி பெற்று வாழ்ந்தனர். எதிர்த்துப் பேசினால் அடுத்த வேளைக்கு உணவில்லை. போதகரோ தம் மக்களின் காணிக்கையால் வாழ்ந்தவர். எனவே பிறர் பேச அஞ்சியதை அவரால் பேச முடிந்தது.

உள்நாட்டுப் போருக்குப் பின் தென்மாநிலங்களில் கறுப்பின மக்கள் வாக்குரிமை பெற்றபோது, நூற்றுக்கு மேற்பட்ட கறுப்பினப் போதகர்கள் சட்டமன்றங்களுக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டனர் என்பர் வரலாற்றாசிரியர். ஆனால் அந்த விடியல் நிலைக்கவில்லை. 1868-இல் ஜார்ஜியா மாநிலச் சட்டமன்றம் தன் கறுப்பின உறுப்பினர்களை நிறத்தைக் காரணம் காட்டியே வெளியேற்றியது. பின்னர் அவர்கள் மீண்டும் அமர்த்தப்பட்டாலும், அந்நூற்றாண்டு முடிவதற்குள் வன்முறையாலும் சூழ்ச்சிச் சட்டங்களாலும் தென்மாநிலங்களில் அவர்களுடைய வாக்குரிமை பெரும்பாலும் பறிக்கப்பட்டுவிட்டது. 1965-இன் வாக்குரிமைச் சட்டம்தான் அதை மீட்டுத் தந்தது.

போதகருக்கு இன்னொரு தடையும் இருந்தது. டென்னசி மாநிலத்தின் 1796-ஆம் ஆண்டு அரசியலமைப்பு, சமய ஊழியர் எவரும் சட்டமன்றத்தில் அமரலாகாது என்று விதித்திருந்தது. 1977-இல் சட்டனூகா நகரின் பாப்டிஸ்ட் போதகர் பால் மக்டேனியல், அம்மாநில அரசியலமைப்பு மாநாட்டிற்குப் போட்டியிட்டபோது, இவ்விதியைக் காட்டி அவரைத் தடுக்க முயன்றனர். வழக்கு உச்சநீதிமன்றம் வரை சென்றது. 1978-இல் அத்தடை செல்லாது என்று தீர்ப்பாயிற்று. சமய ஊழியத்தையும் மக்கள் பிரதிநிதித்துவத்தையும் ஒருவர் ஒருங்கே ஏற்கலாம் என்பது அன்று உறுதிப்பட்டது.

ரோஸ்லாந்தின் போதகர்

ஜேம்ஸ் மீக்ஸ் 1956-இல் சிகாகோவில் பிறந்தவர். டல்லசில் இருந்த பிஷப் கல்லூரியில் பயின்றவர். அது கறுப்பின மாணவருக்கென பாப்டிஸ்டுகளால் நிறுவப்பெற்ற கல்லூரி. 1985-இல் சுமார் இருநூறு பேரைக் கொண்டு சிகாகோவின் தென்பகுதியில் சேலம் பாப்டிஸ்ட் திருச்சபையைத் தொடங்கினார். இருபது ஆண்டுகளில் அது பல்லாயிரம் உறுப்பினரைக் கொண்ட பெருஞ்சபையாக வளர்ந்தது. போதகர் ஜெசி ஜாக்சன் தோற்றுவித்த குடியுரிமை இயக்கத்திலும் அவர் பொறுப்பு வகித்தார்.

கொள்கையளவில் அவர் பழமையைப் போற்றுபவர். மறைநூலின் சொல்லை இம்மியும் தளர்த்தாதவர். ஆயினும் அந்தப் பழமைப்பற்று அவரைக் கோயிலுக்குள் முடக்கவில்லை. ரோஸ்லாந்து வட்டாரத்தில் மதுக்கடைகள் மலிந்து குடும்பங்களைச் சீரழித்தன. வாக்குச்சாவடி வட்டத்து மக்களே வாக்களித்து மதுவிற்பனையை விலக்கலாம் என்று இல்லினாய் மாநிலச் சட்டம் இடம் தந்திருந்தது. சபையார் வீடுவீடாகச் சென்று ஆதரவு திரட்டினர். 1998-இல் நடந்த வாக்கெடுப்பால் இருபதுக்கும் மேற்பட்ட மதுக்கடைகள் மூடப்படும் நிலை உண்டாயிற்று. வாக்குச்சீட்டின் ஆற்றலை அம்மக்கள் அன்று கண்கூடாகக் கண்டனர்.

பள்ளியும் சொத்துவரியும்

அமெரிக்காவில் பள்ளிகளின் செலவில் பெரும்பகுதி அந்தந்த ஊரின் சொத்துவரியிலிருந்து வருகின்றது. இல்லினாய் மாநிலத்தில் இப்பழக்கம் மிகவும் வேரூன்றியிருந்தது. இதன் விளைவை ஒரு கணக்கால் விளக்குவோம். ஓர் ஊரில் மாணவர் ஒருவருக்கு 10 லட்சம் டாலர் மதிப்புள்ள சொத்து இருக்கின்றது எனக் கொள்வோம். அங்கே 2 விழுக்காடு வரி விதித்தால் மாணவருக்கு 20,000 டாலர் கிடைக்கும். இன்னோர் ஊரில் மாணவர் ஒருவருக்கு 2 லட்சம் டாலர் சொத்துதான் உண்டு. அங்கே இருமடங்காக 4 விழுக்காடு வரி விதித்தாலும் 8,000 டாலரே தேறும். ஏழை மிகுதியாக வரி செலுத்தியும் குறைவாகவே பெறுகின்றான். எவரையும் பள்ளி வாயிலில் நிறுத்தி 'வெளியே போ' என்று சொல்ல வேண்டியதில்லை. வரிக்கணக்கே அதைச் சொல்லிவிடுகின்றது.

இல்லினாயின் 1970-ஆம் ஆண்டு அரசியலமைப்பு, பொதுக்கல்விக்கு நிதியளிக்கும் முதன்மைப் பொறுப்பு மாநில அரசினுடையது என்று கூறுகின்றது. அந்த வாசகத்தை நம்பி வழக்குத் தொடுத்தவர்களுக்கு 1996-இல் மாநில உச்சநீதிமன்றம் ஏமாற்றத்தையே அளித்தது. பள்ளி நிதியைச் சீர்திருத்துவது சட்டமன்றத்தின் பணி. நீதிமன்றத்தின் பணியன்று என்று அது கூறிவிட்டது. நீதிமன்றக் கதவு அடைபட்ட பின் எஞ்சியிருந்தது சட்டமன்றக் கதவே.

2002-இல் மீக்ஸ் இரு பெருங்கட்சிகளின் சின்னமும் இன்றி மாநில மேலவைக்குப் போட்டியிட்டு, அப்போதைய உறுப்பினரைத் தோற்கடித்தார். 2003 முதல் 2013 வரை பத்தாண்டுகள் அங்கே அமர்ந்தார். மன்றத்தில் ஜனநாயகக் கட்சியாரோடு சேர்ந்து இயங்கினார். போதகர் பணியையும் விடவில்லை. பள்ளி நிதியே அவருடைய ஓயாத கோரிக்கையாயிற்று. 2006-இல் இதற்காகவே ஆளுநர் பதவிக்குப் போட்டியிட எண்ணினார். ஆளுநர் ஒரு கல்வித் திட்டத்தை அறிவித்ததும் விலகிக்கொண்டார். அத்திட்டம் நிறைவேறவே இல்லை. வாக்குறுதியை நம்பிப் போட்டியைக் கைவிட்டவர் வெறுங்கையோடு திரும்ப நேர்ந்தது.

2008 செப்டம்பர் 2-ஆம் நாள், பள்ளி திறக்கும் நாளன்று, ஆயிரத்துக்கும் மேற்பட்ட சிகாகோ மாணவர்களைப் பேருந்துகளில் ஏற்றிக்கொண்டு, செல்வர் வாழும் வடபுறநகரின் நியூ டிரையர் உயர்நிலைப் பள்ளிக்குச் சென்றார். 'எங்களையும் இங்கே சேர்த்துக்கொள்ளுங்கள்' என்று அப்பிள்ளைகள் விண்ணப்பம் எழுதினர். அப்போது சிகாகோவில் மாணவர் ஒருவருக்கு ஆண்டுக்கு ஏறத்தாழ 10,000 டாலர் செலவாயிற்று. அங்கேயோ ஏறத்தாழ 17,000 டாலர். பள்ளியார் அவர்களைப் பண்போடு வரவேற்றனர். எனினும் அவ்வட்டாரத்தில் குடியிராதவர் கட்டணம் செலுத்த வேண்டும் என்ற விதி மாறவில்லை. பிள்ளைகளைப் பள்ளிக்கு வராமல் நிறுத்தலாமா என்று நகராட்சித் தலைமை அவரைக் கண்டித்தது. அந்தக் கேள்வியில் நியாயம் உண்டு. ஆயினும் வரிப்பட்டியலில் மறைந்து கிடந்த ஏற்றத்தாழ்வை நாடே கண்டது அன்றைக்குத்தான்.

வென்றதும் தோற்றதும்

2009-இல் வருமான வரியை உயர்த்திப் பள்ளிகளுக்கு நிதி சேர்க்கும் மசோதா ஒன்றை மேலவையில் நிறைவேறச் செய்தார். பேரவை அதை ஏற்கவில்லை. 2010-இல் வேறு வழியை நாடினார். சிகாகோவின் மிகவும் பின்தங்கிய பள்ளிகளில் பயிலும் பிள்ளைகள் அரசுப் பணத்தைக் கொண்டு தனியார் பள்ளிகளில் சேரலாம் என்பது அந்த மசோதா. ஆசிரியர் சங்கங்கள் அதைக் கடுமையாக எதிர்த்தன. பொதுப்பணம் வெளியேறினால் எஞ்சிய ஏழைப் பிள்ளைகளின் பள்ளி மேலும் நலிவுறும் என்பது அவர்கள் வாதம். சீர்திருத்தம் வரும்வரை இன்று வகுப்பில் இருக்கும் பிள்ளை காத்திருக்க இயலாது என்பது அவர் வாதம். மேலவை இசைந்தது, பேரவையில் 48 பேர் ஆதரித்தும் 66 பேர் எதிர்த்தும் வாக்களிக்க, அதுவும் வீழ்ந்தது.

அவரிடம் நாம் ஏற்கவொண்ணாத கூறும் உண்டு. ஒருபாலினத்தார் திருமண உரிமையை அவர் சமயக் கோட்பாட்டின் பெயரால் எதிர்த்தார். தம் மக்களின் பிள்ளைகளுக்குச் சமநீதி கேட்டவர், வேறொரு சிறுபான்மையினர் அதே சொல்லைக் கூறி வந்தபோது எதிர்ப்புறம் நின்றார். 2013 நவம்பரில் அவ்வுரிமை அம்மாநிலத்தில் சட்டமாயிற்று. கறுப்பின உறுப்பினர் பலருடைய வாக்குகளும் அதில் சேர்ந்திருந்தன. திருமறையின் பெயரால் அடிமைமுறைக்கே நியாயம் கற்பித்த காலமும் அந்நாட்டில் உண்டு என்பதை அறிந்த மக்கள், இதில் எச்சரிக்கையாக இருத்தல் வேண்டும். சபைக்கு விதி வகுக்கும் உரிமை போதகருக்கு உண்டு. சட்டமன்ற உறுப்பினரோ சபைக்கு வெளியே இருப்பவருக்கும் பிரதிநிதி ஆவார்.

2015-இல் அவர் மாநிலக் கல்வி வாரியத்தின் தலைவராக அமர்த்தப்பட்டார். அவர் அப்பொறுப்பில் இருந்தபோது, 2017 ஆகஸ்டு 31-இல் புதிய பள்ளி நிதிச் சட்டம் கையெழுத்தாயிற்று. ஒவ்வொரு பள்ளி மாவட்டத்திற்கும் எவ்வளவு தேவை என்று கணக்கிட்டு, அத்தேவைக்கு மிகவும் பின்தங்கிய மாவட்டங்களுக்குப் புதிய நிதியில் முன்னுரிமை அளிக்க வேண்டும் என்றது அச்சட்டம். ஆண்டுதோறும் குறைந்தது 35 கோடி டாலர் கூடுதலாக ஒதுக்கவும் இலக்கு வகுத்தது. இது ஒருவரால் விளைந்த வெற்றியன்று. பெற்றோரும் ஆசிரியரும் வழக்குரைஞரும் பல்லாண்டு தட்டிய கதவு அது. சொத்துவரியின் ஆட்சி இன்னும் முற்றாக ஒழியவுமில்லை. ஆயினும் பிள்ளையின் தேவையிலிருந்து கணக்கைத் தொடங்க வேண்டும் என்ற நியாயம் சட்டத்தில் ஏறிவிட்டது.

நம் இளைஞர்க்கு

இவ்வரலாற்றிலிருந்து நம் இளைஞர் கொள்ளத்தக்கது யாது? பள்ளியில் சேரும் உரிமை முதற்படி. அப்பள்ளிக்கு எவ்வளவு பணம் வருகின்றது, எங்கிருந்து வருகின்றது, யார் அதைப் பங்கிடுகின்றனர் என்று கேட்பது அடுத்த படி. வரவுசெலவுத் திட்டத்தைப் படிக்கத் தெரியாத சமுதாயம், தன் பங்கு குறைந்ததைக்கூட அறியாது போகும்.

பிரதிநிதியை அளக்கும் கோலும் இதில் கிடைக்கின்றது. அவர் அணிந்த அங்கியையும் சார்ந்த கட்சியையும் பேசிய பேச்சையும் மட்டும் பார்த்து முடிவு செய்தல் ஆகாது. எந்த மசோதாவைக் கொண்டு வந்தார், எதற்கு வாக்களித்தார், எந்த வாக்குறுதிக்காக எதை விட்டுக்கொடுத்தார் என்று ஆண்டுதோறும் கேட்டுக் குறித்து வைத்தல் வேண்டும். நம்மவர் என்பதற்காக அவர் பிழையை மறைத்தலும் தகாது. பிழை கண்டோம் என்பதற்காக அவர் செய்த நன்மையை மறத்தலும் தகாது.

நம் கழகத்தின் படிப்பகங்களில் மாலைதோறும் கூடும் தம்பியரும் தங்கையரும் பாடநூலோடு அரசின் கல்வி மானியக் கோரிக்கையையும் ஒருமுறை புரட்டிப் பார்ப்பாராக. அதில் நம் பள்ளிகளுக்கென எழுதப்பட்ட எண்ணைக் கண்டு, 'இது ஏன்?' என்று கேட்கும் துணிவை இந்த வெள்ளி விழா ஆண்டு அவர்களுக்கு அளிக்கட்டும்.