திரையில் தோன்றாத உழைப்பு

கள்ளக்குறிச்சியிலிருந்து சின்னசேலம், ஆத்தூர் வழியாகச் சேலம் செல்வோருக்கு வடதிசையில் கல்வராயன் மலைத்தொடர் நெடுந்தொலைவு துணைவரும். அது பின்தங்கிச் சேர்வராயன் மலை எதிர்ப்படும் சேலம் நகரில், ஏற்காடு செல்லும் சாலையோரம் பழைய நுழைவாயில் வளைவு ஒன்று நிற்கிறது. 1935-இல் டி. ஆர். சுந்தரம் தொடங்கிய மாடர்ன் தியேட்டர்ஸ் நிறுவனத்தின் எச்சம் அது. 1937-இல் 'சதி அகல்யா'வில் தொடங்கி, நூற்றுக்கு மேற்பட்ட படங்கள் அந்நிறுவனத்தின் பெயரால் வெளிவந்தன. முதல் மலையாளப் பேசும்படமான 'பாலன்' (1938), தமிழின் முதல் முழுநீள வண்ணப்படமான 'அலிபாபாவும் 40 திருடர்களும்' (1956) ஆகியவை அவற்றுள் அடங்கும்.

சென்னையைவிட்டு இத்தனை தொலைவில், இத்தனை படங்கள் எவ்வாறு உருவாயின? நடிகரின் புகழ் மட்டும் இதற்கு விடையாகாது. பங்குத் திருவிழாவில் பாஸ்கா நாடகம் கண்டவர்கள் இதனை எளிதில் உணர்வர். மேடையில் நிற்பவரை ஊரே அறியும்; திரைமறைவில் ஏட்டைக் கையில் ஏந்தி, வசனம் எடுத்துக் கொடுப்பவரை எவரும் அறியார். அவர் இல்லையேல் நாடகம் பாதியில் நின்றுவிடும்.

அங்கும் அவ்வாறே. மாத ஊதியம் பெறும் பணியாளர்கள், கதை இலாகா, கண்டிப்பான கால ஒழுங்கு ஆகியவற்றின் மீதே சுந்தரம் தம் நிலையத்தைக் கட்டினார். 1950-இல் வெளிவந்த 'மந்திரி குமாரி' இதற்குச் சான்று. குண்டலகேசியின் கதையைத் தழுவிய அப்படத்துக்கு மு. கருணாநிதி வசனம் எழுதினார். இயக்குநர் எல்லிஸ் ஆர். டங்கன் படம் முடியுமுன் அமெரிக்கா திரும்பவே, எஞ்சிய பகுதியைச் சுந்தரமே முடித்தார். எழுத்தும் ஏற்பாடும் ஒழுங்காக இருந்த இடத்தில், ஒருவர் விலகியதால் பணி குலையவில்லை.

அந்த ஏற்பாட்டின் பொறுப்பைச் சுமப்பவர் தயாரிப்பு நிர்வாகி. எந்த நாளில் எந்த அரங்கு, யார் யார் வரவேண்டும், எவ்வளவு பிலிம் செலவாகும், நூறு பேருக்குச் சோறு எங்கிருந்து வரும் என்பன அவருடைய கவலைகள். மாடர்ன் தியேட்டர்ஸில் அப்பணியாற்றிய எம். ஏ. வேணு, பின்னர் எம். ஏ. வி. பிக்சர்ஸ் என்னும் சொந்த நிறுவனத்தைத் தொடங்கி, 'மாங்கல்யம்' (1954), 'சம்பூர்ண ராமாயணம்' (1958) முதலிய படங்களைத் தந்தார். அவருடைய 'முதலாளி' (1957) படத்தின் வழியே இயக்குநராக அறிமுகமானவர் முக்தா வி. சீனிவாசன். அவரும் சேலத்து நிலையத்தில் திரைக்குப் பின்னால் தொழில் பயின்றவரே. அப்படம் சிறந்த தமிழ்ப் படத்துக்கான குடியரசுத் தலைவரின் வெள்ளிப் பதக்கம் பெற்றது.

இவ்விருவரும் தங்கள் பெயரைத் தாங்களே நிலைநாட்டிக் கொண்டனர். ஆயினும் வசனத்தைப் படியெடுத்தோர், அரங்கு சமைத்த தச்சர், விளக்குத் தூக்கியோர், சோறாக்கியோர் எனப் பெயரின்றி மறைந்தோரே மிகப் பலர். 1963-இல் சுந்தரம் மறைந்தார். காலப்போக்கில் நிலையமும் மறைந்தது. நிறுவனரின் பெயரைச் சொல்ல வளைவு ஒன்றாவது மிஞ்சியது; அவர்களுக்கு அதுவும் இல்லை.

எனினும், நம் ஊர்களில் எங்கோ ஒரு வீட்டில், பழைய ஊதியச் சீட்டோ மங்கிய புகைப்படமோ இன்னும் இருக்கக்கூடும். அத்தகைய முதியவர் நம்மிடையே இருப்பாராயின், அருகமர்ந்து கேட்டு எழுதி வைப்போம். உழைத்தவரின் பெயரை நினைவில் வைத்திருப்பதும் அவருக்குரிய கூலியின் ஒரு பகுதியே. அதை நாம் இன்னும் கொடுத்து முடிக்கவில்லை.